யோஹான் இல்லாத எபிசோடுகள்

அனிமே பார்க்கிறவர்கள் கூடிய இடத்தில் 'மான்ஸ்டர்' என்ற பெயரை எடுத்தால் போதும், அடுத்த பேச்சு யோஹானைப் பற்றித்தான் இருக்கும். யோஹான் லீபெர்ட். பொன்னிறத் தலைமுடி, எதற்கும் பதறாத முகம், தன் கைபடாமலே எதிராளியைச் சாவை நோக்கி நடத்திச் செல்லும் மென்மையான பேச்சு. அனிமே உலகின் மகத்தான வில்லன் என்று அவனுக்குப் பட்டம் கட்டியாயிற்று. அவன் பேசும் நான்கு வரியைத் தனியே வெட்டியெடுத்து, அடியில் சோகமான பியானோவை ஓடவிட்டு, அவனை ஞானியாக்கி உலவவிடும் ரீல்ஸுக்குக் கணக்கே இல்லை. இந்தத் தொடர் என்னதான் சொல்கிறது என்று அவர்களிடம் கேட்டுப் பாருங்கள். மனிதன் உள்ளுக்குள் மிருகம், தீமைதான் உண்மை, அதைப் பூசிமெழுகாமல் காட்டுவதால் இது யதார்த்தமான த்ரில்லர் என்பார்கள். அதோடு ஓர் அறிவுரையும் கிடைக்கும்: நடுவில் யோஹான் வராத எபிசோடுகள் வெறும் இழுவை, தாண்டிவிட்டுப் போ.

இதில் ஒன்றைக்கூட நான் ஏற்கவில்லை. 'மான்ஸ்டர்' யோஹானின் கதை அன்று. அதன் ஈர்ப்பு அவனிடம் இல்லை. தாண்டிவிடச் சொல்லப்படும் அந்த எபிசோடுகளில்தான் தொடரின் உயிர் இருக்கிறது. அவற்றைத் தாண்டியவர்கள் தொடரைப் பார்க்கவே இல்லை என்று சொல்ல எனக்குத் தயக்கமில்லை.

நவோகி உராசாவா இந்தத் தொடரின் மூலமான மாங்காவை, அதாவது ஜப்பானியச் சித்திரக்கதையை, 1994 இறுதியில் தொடங்கி 2001 இறுதிவரை 'பிக் காமிக் ஒரிஜினல்' இதழில் எழுதி வரைந்தார். பதினெட்டுத் தொகுதிகள். 1999-இல் ஒசாமு தெசுகா பண்பாட்டு விருது கிடைத்தது. மேட்ஹவுஸ் நிறுவனம், மசாயுகி கோஜிமாவின் இயக்கத்தில், 2004 ஏப்ரல் முதல் 2005 செப்டம்பர் வரை இதை 74 எபிசோடுகளாக ஒளிபரப்பியது. மாங்காவில் இருந்ததைச் சுருக்காமல், ஏறக்குறைய கட்டம் கட்டமாக, பொறுமையாக எடுத்தார் கோஜிமா. அந்த 74-இல் யோஹான் வளர்ந்த ஆளாக முகம் காட்டுவது நான்காம் எபிசோடில். அதன்பின் எபிசோடு எபிசோடாக அவன் பெயர் மட்டும் காதில் விழும். யாரோ ஒருவருடைய அச்சத்தில், யாரோ ஒருவருடைய பழைய நினைவில். அவன்தான் ஈர்ப்பு என்றால் உராசாவா இத்தனை நேரம் யாரைக் காட்டிக்கொண்டிருந்தார்?

முதல் எபிசோடுக்கே போவோம். 1986, டியூசல்டார்ஃப். ஜப்பானியர்கள் நிறையப் பேர் குடியேறிய மேற்கு ஜெர்மன் நகரம். அங்குள்ள மருத்துவமனையில் மூளை அறுவை மருத்துவர் கென்சோ டென்மா. கை சுத்தமானவர், உழைப்பாளி, கொஞ்சம் கோழை. இயக்குநர் ஹைனமனுக்குக் கட்டுரை எழுதித் தருகிறார், இயக்குநரின் மகள் ஏவாவோடு நிச்சயமாகியிருக்கிறது, மேலே போகும் படிக்கட்டு கண்ணுக்குத் தெரிகிறது. ஓர் இரவு, புகழ்பெற்ற ஓபரா பாடகர் ஒருவருக்கு அறுவை செய்ய அழைப்பு வருகிறது. செய்து காப்பாற்றுகிறார். பத்திரிகைகள் புகழ்கின்றன. மறுநாள் ஒரு துருக்கியப் பெண் குழந்தையோடு வந்து டென்மாவின் மேல்கோட்டைப் பற்றிக்கொண்டு அழுகிறாள். அதே இரவில் அவள் கணவனையும் கொண்டுவந்திருக்கிறார்கள். கூலித் தொழிலாளி. பாடகருக்கு முன்பே வந்தவன். டென்மாவைப் பாடகரிடம் திருப்பிவிட்டதால் வேறொருவர் கையில் செத்துப்போனான்.

டென்மா நொறுங்கிப் போகிறார். அப்போது ஏவா அவரைத் தேற்றுவதற்காக ஒன்று சொல்கிறாள்: மனித உயிர்கள் எல்லாம் சமமில்லையே. இதைக் கொடூரமாகச் சொல்லவில்லை. காதலனின் மனச்சுமையை இறக்கிவைக்கும் அக்கறையோடு, அழகான உடையில், இயல்பாகச் சொல்கிறாள். யோஹான் என்ற பெயரே கதையில் அடிபடாத நேரம் அது. மனித உயிருக்கு விலைப்பட்டியல் உண்டு என்ற எண்ணத்தை இந்தத் தொடரில் முதலில் உச்சரிப்பது கொலைகாரன் அல்ல. நல்ல குடும்பத்துப் பெண். அதை நடைமுறையில் செயல்படுத்துவது நல்ல பெயரெடுத்த மருத்துவமனையின் பணி ஒழுங்கு. அறுவை அரங்கில் யாருக்கு எந்த மருத்துவர் என்று எழுதும் அந்த ஒரு முடிவில் ஒரு மனிதன் செத்தான். எந்தக் காவல்துறையும் அதை விசாரிக்காது.

எனக்கு இந்தத் தொடரில் ஆகப் பெரிய அச்சம் தந்த காட்சி அந்த அழுகைதான். ஒரு பெரிய மருத்துவமனையின் வாசலில் காத்துக் கிடந்திருக்கும் எவருக்கும் அது புரியும். யோஹானின் ரசிகர்கள் இதை முன்னுரை என்று வேகமாகக் கடந்துவிடுகிறார்கள்.

அடுத்து, தலையில் குண்டு பாய்ந்த சிறுவன் யோஹான் வருகிறான். அவனுக்குப் பிறகு நகர மேயர் வருகிறார். இந்த முறை டென்மா உத்தரவை மீறி, முதலில் வந்த சிறுவனுக்கே அறுவை செய்கிறார். மேயர் இறக்கிறார். பதவி போகிறது, ஏவா போகிறாள். மயக்கத்தில் கிடக்கும் சிறுவனின் படுக்கையருகே நின்று, இப்படிப்பட்ட இயக்குநர் செத்தாலே நல்லது என்று டென்மா மனம் வெடித்துக் கொட்டுகிறார். சில நாளில் இயக்குநரும் இன்னும் இரண்டு பெரிய மருத்துவர்களும் நஞ்சு கலந்த மிட்டாய் தின்று சாகிறார்கள். சிறுவன் மாயமாகிறான். டென்மாவுக்குப் பதவி உயர்வு கிடைக்கிறது.

இங்கே கவனிக்க வேண்டியது சிறுவனின் மேதைமை அன்று. ஒரு நல்ல மனிதர் வாய்விட்டுச் சொன்ன விருப்பத்தை அவன் நிறைவேற்றி வைத்தான், அவ்வளவுதான். பலனை அனுபவித்தது நல்லவர். ஒன்பது ஆண்டு கழித்து, டென்மாவின் கண்ணெதிரே யுங்கர்ஸ் என்ற திருடனைச் சுட்டுக் கொன்றுவிட்டு யோஹான் தன்னை வெளிப்படுத்துகிறானே, அப்போது டென்மாவைத் துளைப்பது அவனுடைய புத்திசாலித்தனமா? இல்லை. தன்னுடைய தலைமை மருத்துவர் நாற்காலி எதன்மேல் போடப்பட்டது என்று தெரிந்ததுதான். அந்த யுங்கர்ஸுக்குச் சின்ன வயதில் ஒரு கடிகாரத்தின்மேல் தீராத ஆசை. அதைக் கேட்டறிந்து, நோயாளிக்குப் பரிசாக ஒரு கடிகாரம் வாங்கிவைத்திருந்த மருத்துவர் டென்மா. இந்தக் கடிகாரத்தை நினைவில் வைத்திருக்கும் ரசிகர்களை நான் அரிதாகவே பார்த்திருக்கிறேன். யோஹான் துப்பாக்கியைப் பிடித்த கோணம் எல்லோருக்கும் நினைவிருக்கிறது.

சரி, யோஹான் எப்படி உருவானான் என்று ஆராய்ந்து பல மணி நேரம் பேசும் காணொளிகள் இருக்கின்றனவே, அவற்றுக்கு வருவோம். கிழக்கு பெர்லினில் இருந்த '511 கிண்டர்ஹைம்' என்ற குழந்தைகள் காப்பகம், அங்கே உணர்ச்சியை அழித்து வீரர்களை வார்க்கும் சோதனை, ப்ராகில் செந்நிற ரோஜாக்கள் சூழ்ந்த மாளிகை, அங்கே ஓர் இரவில் நடந்த கூட்டச் சாவு. இவை எல்லாம் சேர்ந்து யோஹானைச் செய்தன, ஆகவே சூழல் கெட்டால் எவனும் அரக்கனாவான் என்று முடிக்கிறார்கள். தொடர் இதற்கு நேர் எதிரான சான்றுகளை எடுத்து நம் முன்னால் வைத்திருக்கிறது. அந்த ரோஜா மாளிகைக்கு அழைத்துச் செல்லப்பட்டது யோஹானே அல்ல. அவனுடைய இரட்டைச் சகோதரி நீனா. அத்தனை பேர் செத்து விழுந்ததைக் கண்ணால் பார்த்தவள் அவள். வீடு திரும்பி அவள் சொல்லச் சொல்ல, கேட்டுக்கொண்டிருந்த யோஹான் அந்த நினைவைத் தன்னுடையதாக ஆக்கிக்கொண்டான். அதே தாய், அதே முகம், அதே பஞ்சம். கொடுமையை நேரில் பட்டவள் ஹைடெல்பெர்க்கில் சட்டம் படிக்கும் பெண்ணாக வளர்ந்தாள்.

அதே 511 கிண்டர்ஹைமில் வளர்ந்தவர் வோல்ஃப்காங் கிரிம்மர். முன்னாள் கிழக்கு ஜெர்மன் உளவாளி. சிரிப்பதைக்கூடப் பயிற்சியில் கற்றவர். எந்த இடத்தில் எந்தச் சிரிப்பு என்று மனப்பாடம் செய்து வைத்திருக்கிறார். சொந்த மகன் இறந்தபோது அழத் தெரியாமல் நின்றார், மனைவி விட்டுப்போனாள். அதே காப்பகத்தின் சோதனையை ஹார்ட்மன் என்பவன் தன் வீட்டில் தனியாகத் தொடர்கிறான்; அவனிடம் அடி வாங்கிய சிறுவன் டீட்டர். உடம்பெல்லாம் காயம். அவனை டென்மா மீட்கிறார். உலகம் இருட்டு என்று சொல்லிச் சொல்லி வளர்க்கப்பட்ட அந்தப் பயல் ஒரு கால்பந்தை அணைத்துக்கொண்டு டென்மாவின் பின்னாலேயே நாடு நாடாக நடக்கிறான். நாளைக்கு நல்ல நாளாக இருக்கும் என்று தன்னைப் போன்ற மற்றப் பிள்ளைகளுக்கு அவனே சொல்லத் தொடங்குகிறான். ப்ராகில் இன்னொருவர் இருக்கிறார், அந்தக் காப்பகத்தின் முன்னாள் தலைவர். பெயரை மாற்றிக்கொண்டு, ஆதரவற்ற குழந்தைகளைச் சேர்த்து, இம்முறை அன்பை மட்டும் கொடுத்து வளர்த்தால் என்ன ஆகும் என்று பார்த்துக்கொண்டிருக்கிறார். தொடங்கும்போது அதுவும் அவருக்கு ஒரு சோதனைதான். போகப்போக அந்தக் குழந்தைகள் அவரையே மாற்றிவிடுகிறார்கள்.

ஒரே கொடுமையிலிருந்து புறப்பட்ட இத்தனை பேரை உராசாவா வரிசையாக நம் கண்முன் நடக்கவிடுகிறார். நாம் யோஹானை மட்டும் பிரித்தெடுத்து, இதோ மனிதனின் உண்மை முகம் என்கிறோம். மற்றவர்களும் மனிதர்கள்தானே? அவர்கள் முகம் ஏன் உண்மையாகாமல் போயிற்று?

இப்போது அந்த இழுவை எபிசோடுகள். பதினெட்டாம் எபிசோடின் தலைப்பிலேயே ஐந்து ஸ்பூன் சர்க்கரை வரும். நீனா ஓர் இத்தாலிய உணவகத்தில் வேலைக்குச் சேர்கிறாள். வேலை சாக்கு, கடைக்காரர் ரோஸோ ஒரு காலத்தில் கூலிக்குக் கொலை செய்தவர், அவரிடம் சுடக் கற்க வேண்டும், யோஹானைத் தன் கையால் முடிக்க வேண்டும். கிழவர் கற்றுத்தருகிறார், கூடவே தான் இந்தத் தொழிலை விட்ட கதையையும் சொல்கிறார். குறிவைத்துக் காத்திருந்த ஒரு நாள், சாகவேண்டியவன் காபியில் ஸ்பூன் ஸ்பூனாகச் சர்க்கரை போட்டுக் கலக்குவதைப் பார்த்திருக்கிறார். தானும் அப்படித்தான் குடிப்பது வழக்கம். அந்தக் காபி எப்படி இனிக்கும் என்று அவருக்குத் தெரியும். விசையை அழுத்த முடியவில்லை. இதில் துரத்தல் இல்லை, புதிர் இல்லை, யோஹான் இல்லை. ஆனால் கொலை என்றால் என்ன என்று இந்தத் தொடர் வேறெங்கும் இவ்வளவு தெளிவாகச் சொல்லவில்லை. நாக்கில் படும் ஓர் இனிப்பை இன்னொருவரிடமிருந்து பறிப்பது அது. அந்த உணர்வு வராதவனுக்குத்தான் கொலை எளிது. இந்த எபிசோடைத் தாண்டியவருக்கு, பின்னால் நீனாவின் கை துப்பாக்கியோடு ஏன் நடுங்குகிறது என்று எப்படித் தெரியும்?

மியூனிக் பகுதியில் ரிச்சர்ட் பிரௌன் என்று ஒரு தனியார் துப்பறிவாளர். போலீஸ் வேலையிலிருந்து விழுந்தவர், குடியால் குடும்பத்தைத் தொலைத்தவர். முதிய மனநல மருத்துவர் ரைக்வைனிடம் சிகிச்சை பெற்று, குடியை நிறுத்தி, பிரிந்திருக்கும் மகளைச் சந்திக்கும் நாளை எதிர்பார்த்திருக்கிறார். அவரை ஒரு மாடிக்கு வரவழைத்து, பழைய குற்றத்தை நோண்டி, மதுவைக் கையில் கொடுத்துச் சாகடிக்கிறான் யோஹான். ரீல்ஸில் இந்தக் காட்சி நிறைய ஓடுகிறது, யோஹானின் பேச்சுத் திறமைக்குச் சான்றாக. அதற்கு அடுத்து வருவதை எவரும் வெட்டி எடுப்பதில்லை. ஊரே, குடிகாரன் திரும்பவும் குடித்து விழுந்து செத்தான் என்று கோப்பை மூடும்போது, ரைக்வைன் மட்டும் ஒப்புக்கொள்ள மறுக்கிறார். என் நோயாளி மகளைப் பார்க்கப் போகிற நேரத்தில் குடித்திருக்க மாட்டான். அவரிடம் ஆதாரம் எதுவும் இல்லை. பல மாதம் எதிரே உட்கார்ந்து ஒருவனின் பேச்சைக் கேட்டதால் வந்த உறுதி மட்டும் இருக்கிறது. அந்த உறுதியோடு அந்த வயதில் வெளியே கிளம்பி விசாரிக்கிறார். யோஹானின் திட்டத்தில் விழுந்த முதல் பெரிய ஓட்டை அதுதான். ஒரு மனிதனை உடைக்க யோஹானால் முடிந்தது. அந்த மனிதன்மேல் இன்னொருவர் வைத்த நம்பிக்கையை அவன் கணக்கில் சேர்க்கவில்லை. கணக்கில் சேர்க்க அவனுக்குத் தெரியாது.

அதே போல ரூடி கில்லென். குற்றவியல் உளவியலாளர், டென்மாவின் பழைய வகுப்புத் தோழர். மாணவப் பருவத்தில் தேர்வில் காப்பியடித்தபோது டென்மா பார்த்துவிட்டார். அந்தக் கூச்சம் வெறுப்பாக உறைந்து அத்தனை ஆண்டு கிடந்திருக்கிறது. யோஹானின் கொலைகள் தன்மேல் விழுந்து, போலீஸ் தேடும் நிலையில் உதவி கேட்டு வந்த டென்மாவைப் பிடித்துக்கொடுக்கும் எண்ணத்தோடுதான் வரவேற்கிறார். பிறகு சிறையிலிருக்கும் ஒரு தொடர் கொலைகாரனிடம் பேசி, அவன் வாயிலிருந்தே யோஹான் உண்மையில் இருக்கிறான் என்று அறிந்து மாறுகிறார். ஒரு பரீட்சை அறையின் வெட்கம் ஒருவர் உயிரைத் தீர்மானிக்கும் அளவுக்குக் கனக்கும் என்பதை எத்தனை த்ரில்லர்கள் நமக்குச் சொல்லியிருக்கின்றன?

இதைத்தான் நான் யதார்த்தம் என்பேன். இருட்டும் இரத்தமும் யதார்த்தத்தின் அடையாளம் என்ற நம்பிக்கை சமீப காலமாக எல்லாக் கதைகளின் மீதும் கவிந்திருக்கிறது. ஒருவன் எவ்வளவு ஈரமில்லாமல் இருக்கிறானோ அவ்வளவு உண்மையானவன் என்று நம்பப் பழகிவிட்டோம். அந்த அளவுகோலால் பார்த்தாலும் யோஹான் தோற்பான். பணத் தேவை கிடையாது, பசி கிடையாது, காவல்துறையின் கண்ணில் படுவதே கிடையாது, எவர் வீட்டுக்குள்ளும் புகுவான், எவர் மனமும் அவனுக்குத் திறந்த கதவு. இந்தத் தொடரில் யதார்த்தம் மிகக் குறைந்த ஆள் அவன்தான்.

யதார்த்தம் அவனைச் சுற்றி இருக்கிறது. பிராங்க்பர்ட்டில் நவநாஜிக் கும்பல் ஒன்று துருக்கியர் குடியிருப்பைக் கொளுத்தத் திட்டமிடும் பகுதியை எடுத்துக்கொள்ளுங்கள். உராசாவா அதைக் காற்றிலிருந்து பிடிக்கவில்லை. 1992 நவம்பரில் மெல்ன் நகரில் துருக்கியர் வீடுகளுக்குத் தீ வைத்ததில் மூன்று பேர் இறந்தார்கள். 1993 மே மாதம் ஸோலிங்கனில் ஒரு வீட்டைக் கொளுத்தியதில் ஐந்து பேர், பெண்களும் சிறுமிகளும், இறந்தார்கள். ஸோலிங்கன், டென்மா வேலை பார்த்த டியூசல்டார்ஃபுக்குப் பக்கத்து ஊர். மாங்கா தொடங்கியது அடுத்த ஆண்டு. 1961 ஒப்பந்தத்தின்படி தொழிலாளர்களாக அழைத்துவரப்பட்டவர்களின் பிள்ளைகளும் பேரப்பிள்ளைகளும் அவர்கள். முதல் எபிசோடில் மேல்கோட்டைப் பிடித்து அழுத அந்தப் பெண்ணும் அந்த மக்களில் ஒருத்திதான். யோஹான் ஜெர்மனிக்கு வன்முறையைக் கொண்டுவரவில்லை. அங்கே ஏற்கெனவே எரிந்துகொண்டிருந்தது.

காப்பகமும் அப்படியே. 511 கிண்டர்ஹைம் கற்பனை. ஆனால் கிழக்கு ஜெர்மனியில், எல்பே நதிக்கரை ஊரான டோர்காவில், பூட்டிய சீர்திருத்த இல்லம் ஒன்று 1964 முதல் 1989 வரை இயங்கியது. அரசுக்கு அடங்காதவர்கள் என்று முத்திரை குத்தப்பட்ட ஆயிரக்கணக்கான பதின்வயதினர் அங்கே தனியறையிலும் ஓயாத உடற்பயிற்சித் தண்டனையிலும் உடைக்கப்பட்டார்கள். கிழக்கு ஜெர்மனியின் காப்பகங்களில் வதைபட்டவர்களுக்கென ஒரு நிதியம் 2012-இல்தான் தொடங்கப்பட்டது. 'மான்ஸ்டர்' ஒளிபரப்பாகி முடிந்து ஏழு ஆண்டுக்குப் பிறகு. கிரிம்மர் சிரிக்கப் பழகிய கதையைப் பார்க்கும்போது நெஞ்சை அடைக்கிறதென்றால் அதற்குக் காரணம், அப்படி வளர்ந்த உண்மை மனிதர்கள் அன்றைக்கு நடுத்தர வயதில் யாரிடமும் சொல்லாமல் வாழ்ந்துகொண்டிருந்தார்கள் என்பதுதான்.

யோஹான் வசீகரமானவன் இல்லையா என்று கேட்பார்கள். வசீகரமானவன்தான், மறுக்கவில்லை. வளர்ந்த யோஹானுக்குக் குரல் கொடுத்த நொசோமு சசாகி ஓர் இடத்தில்கூடச் சத்தத்தை உயர்த்துவதில்லை. குனியாகி ஹைஷிமாவின் இசையும் அவன் வரும்போது அலறுவதில்லை. ஒரு பெண்ணைப் போலத் தோன்றி, ஒரு நூலகத்தில் மாணவனாக உட்கார்ந்து, ஒரு தொழிலதிபரின் அருகில் பணிவாகப் படித்துக்காட்டி, எங்கும் கலந்துவிடுகிறான். அவன் ஒரு வெற்றிடம். அவனைப் பார்க்கிற ஒவ்வொருவரும் தங்கள் தனிமையை, தங்கள் வஞ்சத்தை அதில் ஊற்றி நிரப்பிக்கொள்கிறார்கள். அவனால் சீரழியும் பாத்திரங்களுக்கு நேர்வது அதுவே. ரீல்ஸ் செய்கிறவர்களுக்கு நேர்ந்திருப்பதும் அதுவே என்று வருத்தத்தோடு சொல்கிறேன். பதினாறு, பதினேழு வயதில் யாரும் தன்னைக் கவனிக்கவில்லை என்று மருகும் ஒரு பையனுக்கு, எதுவும் தேவைப்படாத, எவரும் தொட முடியாத யோஹான் பெரிய ஆறுதலாகத் தெரிவான். அந்தப் பையனிடம் எனக்குக் கோபமில்லை. ஆனால் அந்தப் பையனுக்காகவே எழுதப்பட்ட பாத்திரங்கள், டீட்டரும் கிரிம்மரும், அதே தொடரில் காத்திருக்கும்போது, அவனை யோஹானோடு விட்டுவிட்டு வருகிற விமர்சகர்களிடம் கோபமுண்டு.

இன்னொரு வாதம் இருக்கிறது, இதைவிடக் கனமானது. டென்மா அந்தச் சிறுவனைக் காப்பாற்றியதுதானே எல்லாச் சாவுக்கும் காரணம்? மேயரைக் காப்பாற்றியிருந்தால் இத்தனை பேர் பிழைத்திருப்பார்களே? உயிர்கள் சமம் என்ற அவருடைய கொள்கை குழந்தைத்தனம் என்று தொடரே நிரூபிக்கிறதே? பலர் இதை முடிந்த முடிவாகவே சொல்கிறார்கள். டென்மாவும் தொடரின் பெரும்பகுதி இந்தக் கேள்வியைச் சுமந்துகொண்டுதான் ஓடுகிறார். தவறைத் திருத்த யோஹானைக் கொல்லவேண்டும் என்று காட்டில் ஒரு முன்னாள் கூலிப்படை வீரரிடம் சுடக் கற்கிறார்.

ஆனால் ஓடுகிற ஓட்டத்தில் அவர் என்ன செய்கிறார் என்று பாருங்கள். தலைக்கு மேல் கைது வாரண்டு இருக்கிறது. போகிற ஊரில் எல்லாம் யாராவது அடிபட்டுக் கிடக்கிறார்கள். ஒவ்வொரு முறையும் நின்று வைத்தியம் பார்க்கிறார். கிராமத்து மருத்துவர் ஷூமனுக்கு உதவ நிற்கிறார். காயம்பட்டவர் குற்றவாளியா நல்லவரா என்று கேட்டு நேரம் கடத்துவதில்லை. அப்படிப் பிழைத்தவர்களும் அவர்களைச் சேர்ந்தவர்களும்தான், பின்னால் டென்மா பிடிபடும்போதும் சிக்கலில் மாட்டும்போதும் ஒவ்வொருவராக முன்வருகிறார்கள். யோஹான் ஊர் ஊராகப் போய் மனிதர்களை ஒருவரிடமிருந்து ஒருவராகப் பிரித்துக்கொண்டிருந்த அதே ஆண்டுகளில், அதே சாலைகளில், டென்மாவின் பின்னால் ஒரு கூட்டம் தானாகச் சேர்ந்துகொண்டிருந்தது. கணினியில் தட்டுவதுபோல விரலசைத்து எல்லாவற்றையும் நினைவில் பதிக்கும் கூட்டாட்சிக் குற்றப் புலனாய்வு அதிகாரி லுங்கே, யோஹான் என்று ஒருவனே இல்லை, எல்லாம் டென்மாவின் இன்னொரு முகம் என்று ஆண்டுக்கணக்கில் அடித்துச் சொன்னவர். வேலைக்காக மனைவியையும் மகளையும் இழந்தவர். அவரே கடைசியில் டென்மாவிடம் மன்னிப்புக் கேட்கிறார். அறிவை மட்டும் நம்பிய ஒரு மனிதர் வாய்திறந்து மன்னிப்புக் கேட்க எழுபது எபிசோடு ஆயிற்று. அந்த நீளம் இல்லாமல் அந்த மன்னிப்புக்கு எடை வந்திருக்காது.

ரூஹன்ஹைம் என்ற கற்பனை மலையூரில் எல்லாம் முடிகிறது. யோஹான் நினைத்தது ஒரு முழு ஊரின் தற்கொலை: சந்தேகத்தையும் துப்பாக்கியையும் விநியோகித்தால் அண்டைவீட்டார் ஒருவரையொருவர் தீர்த்துக்கொள்வார்கள், தன்னை அறிந்த எவரும் எஞ்சாமல் தானும் மறைந்துபோவான். லாட்டரிப் பரிசு விழுந்ததை மறைத்து, பக்கத்து வீட்டைப் பார்த்துப் பயந்துகொண்டிருக்கும் வயதான தம்பதியைக்கூட அவன் விட்டுவைக்கவில்லை. ஊரில் பாதி அவன் சொன்னபடிதான் நடந்தது. அதை நான் குறைத்துச் சொல்ல மாட்டேன். ஆனால் அந்த மழையில் கிரிம்மர் என்ன செய்தார்? ஆபத்து வந்தால் தன்னுள்ளிருந்து வேறொரு முரடன் வெளிவந்து எல்லோரையும் கொன்றுவிடுவான் என்று வாழ்நாளெல்லாம் நம்பியிருந்தவர், அன்றைக்கு முழு நினைவோடு, தன் சொந்தக் கோபத்தோடு எதிர்த்து நிற்கிறார். குண்டடிபட்டுச் சாகும்போது, எத்தனையோ ஆண்டுக்கு முன்பு இறந்த மகனுக்காக முதல்முறையாக அழுகிறார். வலி கடைசியில் வந்து சேர்ந்ததே என்று நிம்மதி அடைகிறார். ஒரு மனிதனின் கண்ணீரைத் திருடிய காப்பகம் அந்த இடத்தில் தோற்றது. எனக்கு இதுதான் உச்சக் காட்சி.

அதற்குப் பிறகு வருவதையும் சொல்ல வேண்டும். தன்னைச் சுடச்சொல்லி டென்மாவின் முன் நெற்றியைச் சுட்டிக்காட்டி நிற்கிறான் யோஹான். ஒரு சிறுவனைத் துப்பாக்கி முனையில் வைத்து அவரை நெருக்குகிறான். டென்மா சுட்டால் அவன் தத்துவம் வென்றது. ஆனால் குண்டு வேறு பக்கத்திலிருந்து வருகிறது. சுட்டது அந்தச் சிறுவனின் அப்பன், ஊரே மதிக்காத குடிகாரன், போதையில் இருந்தவன். மகாமேதையின் பட்டியலில் அவன் பெயர் இல்லை. தன் முழுமையான முடிவை இத்தனை ஆண்டாகச் செதுக்கிய யோஹானுக்கு ஒரு குடிகார அப்பனின் பாசம் கணக்கிலேயே வரவில்லை.

பிறகு யோஹானுக்கு டென்மா மீண்டும் அறுவை செய்கிறார். 1986-இல் அந்தச் சிறுவன் யாரென்று தெரியாது. இப்போது எல்லாம் தெரியும். தெரிந்தே தலையைத் திறந்து குண்டை எடுக்கிறார். குழந்தைத்தனம் என்று சொன்னவர்கள் இந்த இரண்டாம் அறுவைக்குப் பதில் சொல்லியாக வேண்டும். நீனாவும் அண்ணனை மன்னிப்பதாக அவன் முகத்துக்கு நேரே சொல்லியிருக்கிறாள். இழந்தவர்கள் பட்டியலில் அவளைவிட அதிகம் இழந்தவர் கிடையாது.

யோஹான் அதன்பின் எங்கே போனான் என்பதைப் பற்றித்தான் இன்றுவரை ஓயாத தர்க்கம். தப்பினானா, வென்றானா, அடுத்த பாகம் வருமா. தொடரின் முடிவு அந்தக் கேள்வியில் அதிக நேரம் செலவிடவில்லை. லுங்கே தன் பிழைப்பைத் திருத்திக்கொண்டதையும், ஏவா குடியை விட்டு ஒரு வேலையைப் பிடித்ததையும், நீனா படிப்பை முடித்ததையும், டென்மா எல்லைகளற்ற மருத்துவர்கள் அமைப்பில் சேர்ந்ததையும் ஒவ்வொன்றாகக் காட்டுகிறது. மாங்கா முடிந்தபின் 2002-இல் உராசாவா 'அனதர் மான்ஸ்டர்' என்று ஒரு நூலையும் வெளியிட்டார். ஓர் ஆஸ்திரியப் பத்திரிகையாளர் இந்த நிகழ்வுகளைத் தேடிப்போய் எழுதியது போன்ற புனைவு அது. அந்தப் பத்திரிகையாளர் யோஹானைத் தேடி உட்காரவைத்து வாக்குமூலம் வாங்கவில்லை. மருத்துவமனையில் வேலை செய்தவர்களையும், விசாரித்தவர்களையும், பிழைத்தவர்களையும் ஊர் ஊராகப் போய்ச் சந்தித்துப் பேட்டி எடுக்கிறார்.